பத்மநாபசுவாமி ஆறாட்டில் பார்த்த திருவிதாங்கூர் மகாராஜா

எனக்குச் சொந்த ஊர் தக்கலைப் பக்கம். 1956 வரை நாங்களும் திருவிதாங்கூர்தான், அதனால் எங்கள் வீட்டுப் பெரியவர்களுக்குத் திருவிதாங்கூர் மகாராஜா கடைசிவரை பொன்னு தம்புரான்.

நான் நேரில் பார்த்தது 2013-ல் மறைந்த உத்திராடம் திருநாள் மார்த்தாண்ட வர்மாவை. திருவனந்தபுரம் பத்மநாபசுவாமி கோயிலின் பங்குனித் திருவிழா. சாமியைக் கடலில் நீராட்டக் கொண்டுபோகும் ஆறாட்டுக்கு முந்தின ராத்திரி பள்ளிவேட்டை, அதாவது சாமி வேட்டைக்குப் போகும் சடங்கு, சுந்தரவிலாசம் அரண்மனை முன்னால் வைத்திருக்கும் இளநீர் மேல் மகாராஜா அம்பு எய்வார். அதுவரை மேளம் கிடையாது. அவ்வளவு ஜனம் நிற்கிறது, ஒரு சத்தம் இல்லை. மறுநாள் சாயங்காலம் மேற்குக் கோட்டை வழியாக சாமி புறப்பட்டது. வெறும் மார்பு, பச்சைத் தொப்பி, கையில் உருவிய வாள், காலில் செருப்பில்லாமல் எழுபது வயது தாண்டிய மனிதர் முன்னால் நடந்து போகிறார். சங்குமுகம் கடற்கரைக்குப் போகும் வழியில் விமான நிலைய ஓடுதளம் குறுக்கே வரும், இந்த ஊர்வலத்துக்காக விமானங்களையே சில மணி நேரம் நிறுத்திவிடுகிறார்கள்! 1750-ல் நாட்டையே பத்மநாபனுக்கு எழுதிக்கொடுத்த வம்சம், அன்றிலிருந்து மன்னர் பத்மநாப தாசன். பட்டமும் மானியமும் 1971-ல் போன பிறகும் இந்த ஊழியத்தை அவர்கள் விடவில்லை, எனக்கு அதில்தான் மரியாதை.

அப்புறம் ஒரு சாதாரண நாள் காலையில் கோயிலில் பார்த்தேன். தரிசனம் முடித்து வெளியே வருமுன் நின்று, ஒரு பாதத்தைத் தூக்கி ஒட்டியிருந்த மணலைத் தட்டினார், பிறகு அடுத்த பாதம். கோயில் மண் வீட்டுக்குப் போகக்கூடாது என்பது அந்தக் குடும்பத்தின் வழக்கம். 2011-ல் அந்தக் கோயிலின் நிலவறைப் பொக்கிஷம் பற்றி ஊரெல்லாம் பேசியபோது எனக்கு அந்தப் பாதங்கள்தான் ஞாபகம் வந்தன.

வீட்டுக்குள்ளும் முறை வேறு. தாய்வழியில் வாரிசு வரும் மருமக்கத்தாயம் என்பதால் மன்னரின் சொந்தப் பிள்ளைகளுக்குப் பட்டம் வராது, சகோதரி மகனுக்குத்தான். திருவிதாங்கூரை ஆண்ட கடைசி மன்னர் சித்திரைத் திருநாள் கல்யாணமே செய்துகொள்ளவில்லை, அவருக்குப் பின் தம்பி உத்திராடம் திருநாள், இப்போது அவர்களுடைய சகோதரியின் மகனான மூலம் திருநாள் ராம வர்மா. கோயிலில் இந்தக் குடும்பத்துக்குள்ள உரிமையை 2020-ல் உச்ச நீதிமன்றமும் ஏற்றுக்கொண்டது, சரியான தீர்ப்பு என்றே நினைக்கிறேன்.

மூலம் திருநாளை ஐப்பசி ஆறாட்டில் பக்கத்தில் நின்று பார்த்தவர்கள் யாராவது இருந்தால் எழுதுங்கள், எனக்கு இன்னும் வாய்க்கவில்லை.