நெஸ் ஏரியில் நேரில் எதையாவது பார்த்தவர்கள் இருக்கிறீர்களா?

மலைக்கோட்டையான்:
ஸ்காட்லாந்தின் நெஸ் ஏரியில் ஒரு பெரிய மர்மப் பிராணி இருக்கிறது என்கிற நெஸ்ஸி கதை எல்லோருக்கும் தெரியும், அதனால் நேரே விஷயத்துக்கு வருகிறேன். டோர்ஸ் ஊர்க் கரை, கூழாங்கல் மேல் நின்றிருந்தேன். காற்றே இல்லை. நண்பர்கள் காரில் சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். கரையிலிருந்து சுமார் முந்நூறு மீட்டர் தள்ளி கறுப்பாக மூன்று மேடுகள், ஒன்றன்பின் ஒன்றாகக் கிளம்பின. நடுவில் இருந்தது பெரியது. இடைவெளி மாறாமல் வலமிருந்து இடமாகப் போயின. கண்ணுக்கு எட்டிய தூரம் வரை ஒரு படகு இல்லை. போனை எடுப்பதற்குள் தண்ணீர் தட்டையாகிவிட்டது. மிருகம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அந்த நடுமேட்டின் பக்கவாட்டில் தண்ணீர் வழிகிற பளபளப்பு தெரிந்தது. அது மனசை விட்டுப் போகவே மாட்டேன் என்கிறது. வேறு யாருக்காவது இப்படி?

நர்ஸக்கா:
தம்பி, நான் ஏரிக்குப் பக்கத்து நகரம் இன்வர்னஸில்தான் வேலை பார்க்கிறேன். ஏரியை ஒட்டிப் போற ஏ82 ரோட்டில் போகும்போது இந்த மேடுகளை நானும் பார்த்திருக்கேன். ஏரி 37 கிலோமீட்டர் நீளம், அகலம் ஒன்றரை கிலோமீட்டர் சொச்சம்தான், இரண்டு கரையும் செங்குத்து. கலிடோனியன் கால்வாய்ப் படகுகள் எல்லாம் இதன் வழியாத்தான் போகணும். படகு கண்ணுக்கு மறைஞ்சு ரொம்ப நேரம் கழிச்சும் அதோட அலை கரையில மோதித் திரும்பி வந்து நடுவில சந்திக்கும். காற்று இல்லாத நாளில்தான் அது நல்லா தெரியும்.

எனக்கு உறுத்துறது வேற. ஊர்ல இருந்து அம்மா வந்திருந்தப்ப, அர்க்கார்ட் கோட்டைப் பக்கம் சுற்றுலாப் படகில் போனோம். ஒலி அனுப்பி ஆழம் பார்க்கிற சோனார் திரையில ஏரியோட அடி 200 மீட்டருக்கும் கீழே காட்டுது. பாதி ஆழத்தில, தனியா, தடிப்பா ஒரு வளைகோடு வந்தது. மைக்கில் பேசிக்கிட்டிருந்தவர் பாதி வாக்கியத்தில நிறுத்திட்டார். அப்புறம் "மீனா இருக்கலாம்"னு சொன்னார். அந்தக் குரல் அதுக்கு முன்னால பேசின குரல் இல்லை. அம்மா என் கையைப் பிடிச்சு, "அது பாட்டுக்கு இருக்கட்டும், படகைத் திருப்பச் சொல்லுடி"ன்னாங்க.

ஆழிமுத்து:
எல்லாவற்றையும் அலை, அலை என்று தள்ளிவிட முடியாது அக்கா. ஃபோர்ட் அகஸ்டஸ் பக்கம், பொழுது சாயும் நேரம். கறுத்த தலையும் கொஞ்சம் கழுத்தும் நீருக்கு மேலே வந்தன. என் பக்கம் திரும்பிப் பார்த்தது. பிறகு லிஃப்ட் இறங்குவது மாதிரி நேராகக் கீழே போனது. பறவை முங்கினால் தலையை முன்னால் குனிந்துதானே முங்கும்? டைனோசர் காலத்தோடு அழிந்துவிட்டது என்று நினைத்த சீலகாந்த் மீன் 1938-ல் தென்னாப்பிரிக்காவில் உயிரோடு பிடிபட்டது. அதே காலத்து நீண்ட கழுத்துக் கடல் ஊர்வனமான பிளீசியோசர் மட்டும் ஏன் மிஞ்சியிருக்கக் கூடாது?

கல்மரம்:
ஆழிமுத்து சார், நீங்கள் பார்த்ததை நான் மறுக்கவில்லை. கடலிலிருந்து நெஸ் ஆறு வழியாக சீல் என்கிற கடல் பாலூட்டி எப்போதாவது ஏரிக்குள் வருவதுண்டு. சீல் நிமிர்ந்து நின்று பார்க்கும், நேராகக் கீழே இறங்கும், மனிதரைத் திரும்பியும் பார்க்கும்.

பிளீசியோசர் என்பதைத்தான் என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. அது அழிந்து 6.6 கோடி ஆண்டுகள். இந்த ஏரியோ சுமார் 10,000 ஆண்டுகளுக்கு முன்புவரை பனிப்பாளத்தின் கீழ் கிடந்த பள்ளம். அதற்கு முன் அது எங்கே இருந்தது? ஆழத்தில் தண்ணீர் ஆண்டு முழுக்க 5, 6 டிகிரிதான். நுரையீரலால் மூச்சு விடும் பிராணி, தினமும் பலமுறை மேலே வந்தாக வேண்டும். ஒன்று மட்டும் இருந்தால் போதாது, குட்டி போட்டு வம்சம் வளர ஒரு கூட்டமே வேண்டும். 2018-ல் நியூசிலாந்து விஞ்ஞானி நீல் கெம்மல் குழு ஏரி நெடுகத் தண்ணீர் எடுத்து டி.என்.ஏ. சோதித்தது. அடுத்த ஆண்டு முடிவு வந்தது: ஊர்வன இனத்தின் தடயம் எதுவுமில்லை, விலாங்கு மீன் டி.என்.ஏ. மட்டும் கிட்டத்தட்ட எடுத்த இடத்தில் எல்லாம். சீலகாந்தை உதாரணம் காட்டுகிறீர்கள். அது கடல் மீன், வலையில் விழுந்தது, உடல் கையில் கிடைத்தது. இங்கே ஓர் எலும்புகூடக் கிடைக்கவில்லை.

என் அனுபவம் ஏரியில் இல்லை. லண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் கடல் ஊர்வனங்களின் சுவர் ஒன்று உண்டு. புதைபடிவம் தேடிய மேரி ஆனிங், இங்கிலாந்தின் லைம் ரீஜிஸ் கடற்கரைப் பாறையில் கண்டெடுத்தவையும் அதில் இருக்கின்றன. கழுத்தெலும்புகள் ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டே போனேன், பாதியில் எண்ணிக்கை தவறியது. ஒரு துடுப்புக் காலில் விரல் எலும்புகள் அத்தனையும் வரிசை கலையாமல் இருந்தன. அப்படி ஒரு உயிர் நிஜமாகவே நீந்தியது. அதைப் பார்த்தவன் எவனும் அதை ஒரு குளிர்ந்த ஏரியில் ஒளிந்து திரியவிட மாட்டான்.

வடமராட்சியான்:
நீங்கள் அடிபடுங்கோ. நான் கனடாவிலை ஒகனாகன் ஏரியிலை கண்டதைச் சொல்லுறன். அந்த ஏரியிலை இருக்கெண்டு சொல்லுற பிராணி, ஒகோபோகோ எண்டு கேள்விப்பட்டிருப்பியள். கரையிலை இருக்கிற கெலோனா நகரத்திலை அதுக்குச் சிலையும் இருக்கு, சனம் பக்கத்திலை நிண்டு படம் எடுக்கும். அங்காலை வள்ளத்திலை ஏற நிண்ட ஒரு வயசான அம்மா, அந்த மண்ணின்ரை பழங்குடியான சியில்க்ஸ் ஆள், பையுக்கை இருந்து ஒரு கிள்ளுப் புகையிலை எடுத்துத் தண்ணிக்குள்ளை விட்டா. என்ரை மகன் "பேய்க்குச் சாப்பாடோ?" எண்டு அவவிட்டையே கேட்டிட்டான். அவ கோவிக்கேல்லை. "பேயில்லை, இந்தத் தண்ணியைக் காக்கிறவர்" எண்டா. ஒகோபோகோ எண்ட பேரின்ரை காப்புரிமையை 1956 தொடக்கம் வைச்சிருந்த வேர்ணன் நகரசபை 2021 இலைதான் சியில்க்ஸ் சனத்திட்டைக் குடுத்தது. எங்கடை கோயில் குளத்திலை ஆரும் வந்து மிருகம் தேடினால் நாங்கள் சும்மா இருப்பமோ? டி.என்.ஏ. பற்றிக் கதைக்கிற தம்பி இதையும் ஒருக்கா யோசிக்கவேணும்.

லென்ஸ்காரன்:
மலைக்கோட்டையான், அடுத்த முறை போனால் தயவுசெய்து இதைச் செய்யுங்கள். போட்டோ வேண்டாம், வீடியோ. ஜூம் பண்ணவே கூடாது. எதிர்க்கரை மரமோ வீடோ கட்டாயம் பிரேமுக்குள் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் அளவு சொல்லவே முடியாது. 1934-ல் வந்த புகழ்பெற்ற நெஸ்ஸி போட்டோ, 'டாக்டர் படம்', ஊரை ஏமாற்றியதே அப்படித்தான். சுற்றியிருந்த தண்ணீரை வெட்டிவிட்டு அச்சடித்தார்கள், பொம்மை நீர்மூழ்கியில் ஒட்டிய தலை பூதமாகத் தெரிந்தது. உண்மை 1994-ல்தான் வெளியே வந்தது. மணியை வாயால் சொல்லிப் பதிவு செய்யுங்கள். முந்தைய ஒரு மணி நேரத்தில் போன படகுகளைக் குறித்து வையுங்கள். ஒரு ஸ்டாண்டும் கொண்டு போங்கள், கை நடுங்கும்.

ஏ82 ஓரத்தில் காரை நிறுத்தி நானும் ஒன்றை எடுத்தேன். காற்றுக்கு எதிராகப் போன கட்டை மாதிரி ஏதோ ஒன்று. முழு ஜூமில் எடுத்ததால் இன்று அது வெறும் கறுப்புப் புள்ளி. மலைக்கோட்டையான், நீங்கள் பார்த்தபோது எத்தனை மணி?

மலைக்கோட்டையான்:
மாலை நாலரை இருக்கும். நர்ஸக்கா, நீங்கள் சொன்ன பிறகு அலையாக இருக்கலாம் என்றுதான் நானும் யோசித்தேன். படகு அலையாக இருந்தால் கொஞ்ச நேரம் கழித்தாவது கரைக்கு வந்திருக்க வேண்டுமே? நான் அரை மணி நேரம் அங்கேயே நின்றேன். என் காலடியில் இருந்த கல்கூட நனையவில்லை. அங்கேயே இருக்கிறவர் நீங்கள், அப்படியும் ஆகுமா?