பிளாக் சி குடியிருப்பாளர்கள் குழு, சுங்கை டுவா, பினாங்கு, மலேசியா

ஆன்டி 5-4 (காலை 7:12)
நேற்று ராத்திரி போலீஸ் வந்ததே, என்ன ஆச்சு? வந்த வேகத்திலேயே போய்விட்டார்கள்.

அங்கிள் 5-2 (7:20)
999க்கு அடித்தது நான்தான். பாத்திரம் உடைகிற சத்தம், அப்புறம் பிள்ளை அலறியது. மனசு கேட்கவில்லை. இரண்டு பேர் வந்தார்கள். கதவைத் திறந்தவன், ‘ஒன்றுமில்லை ஐயா, புருஷன் பெண்டாட்டி வாய்ச்சண்டை’ என்றான். அவள் அவன் முதுகுக்குப் பின்னால் நின்றாள். முந்தானையைக் கன்னத்தோடு சேர்த்துப் பிடித்திருந்தாள். ‘ஓகேவா?’ என்று கேட்டார்கள். தலையாட்டினாள். போய்விட்டார்கள்.

தம்பி 6-1 (7:21)
யார் வீடு அங்கிள்?

அக்கா 6-8 (7:23)
தம்பி, வீட்டு எண், பேர் எதுவும் இங்கே வேண்டாம். யாராவது ஸ்கிரீன்ஷாட் எடுத்து அவனுக்கு அனுப்பினால் அடி அவளுக்குத்தான் விழும்.

ஆன்டி 3-7 (7:31)
நான் சொன்னால் கோபப்படாதீர்கள். இது குடும்ப விஷயம். இன்றைக்கு அடித்துக்கொள்வார்கள், நாளைக்குச் சேர்ந்துகொள்வார்கள். நடுவில் போனவர் பேர்தான் கெடும்.

அக்கா 6-8 (7:44)
கோபம் இல்லை ஆன்டி. ஆனால் சட்டம் இதைக் குடும்ப விஷயமென்று விட்டுவிடவில்லை. 1994லேயே குடும்ப வன்முறைச் சட்டம் வந்துவிட்டது. 2012 திருத்தத்துக்குப் பிறகு வாரண்ட் இல்லாமலே கைது செய்யலாம். புகார் எழுத உதவுவது, காயம் இருந்தால் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவது, பாதுகாப்பான இடத்துக்குப் போக வண்டி ஏற்பாடு செய்வது, துணிமணி எடுக்க அவளோடு வீட்டுக்குத் துணையாகப் போவது எல்லாம் போலீஸ் கடமை என்று அதே சட்டத்தில் எழுதியிருக்கிறது.

நேற்று வந்தவர்களைத் திட்டவில்லை. கதவுக்குப் பின்னால் என்ன இருக்கிறதென்று தெரியாமல்தான் அவர்களும் வருகிறார்கள். ஆனால் அடித்தவன் பக்கத்தில் நிற்கும்போது கேட்டால் எந்தப் பெண் வாயைத் திறப்பாள்? அவளைத் தனியாக லிஃப்ட் பக்கம் கூட்டிப்போய்க் கேட்டிருக்க வேண்டும். அதுதான் எனக்கு ஆறவில்லை.

அங்கிள் 5-2 (7:49)
நான் போனில் ‘பக்கத்து வீட்டில் சண்டை’ என்றுதான் சொன்னேன்மா.

அக்கா 6-8 (7:58)
கூப்பிட்டதே பெரிய விஷயம் அங்கிள். இன்னொரு தடவை நடந்தால் காதில் விழுந்ததை அப்படியே சொல்லுங்கள்: அடிக்கிறார், உள்ளே சின்னப் பிள்ளை இருக்கிறது, கத்தி இருக்கிறதா இல்லையா. பிளாக், மாடி எல்லாம். கீழே கார்டு போஸ்டில் (காவலாளி சாவடியில்) யாராவது நின்று போலீஸை நேராக மேலே கூட்டி வரவேண்டும். வழி தேடியே நேரம் போய்விடுகிறது.

ஆன்டி 3-7 (8:05)
அவளே வேண்டாம் என்றால்?

அக்கா 6-8 (8:20)
வற்புறுத்த முடியாது ஆன்டி. ஆனால் வழி இருக்கிறதென்று அவளுக்குத் தெரிய வேண்டும்.

போலீஸ் ரிப்போர்ட் இல்லாமலே சமூக நல இலாகாவில் அவசரப் பாதுகாப்பு ஆணை கேட்கலாம். கோர்ட்டுக்கும் போக வேண்டாம். அதிகாரியே 2 மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டும், 7 நாள் செல்லும். 2018லிருந்து இது நடைமுறையில் இருக்கிறது. 15999 என்ற உதவி எண்ணுக்கு எந்த நேரமும் அடிக்கலாம். காயம் இருந்தால் பெரிய ஆஸ்பத்திரி எமர்ஜென்சியில் இதற்கென்றே தனிப் பிரிவு உண்டு. டாக்டர் எழுதி வைப்பது நாளைக்குக் கேஸில் நிற்கும்.

ரிப்போர்ட் கொடுத்தால் விசாரணை முடியும்வரை மாஜிஸ்திரேட் கோர்ட்டில் இடைக்காலப் பாதுகாப்பு ஆணை வாங்கலாம். என் சொந்தக்காரப் பெண்ணோடு ஒரு பாலாய்க்கு (போலீஸ் நிலையத்துக்கு) போனேன். கவுண்டரில் இருந்தவர், ‘வீட்டுக்குப் போய்ப் பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள்’ என்றார். அவள் உதடு கிழிந்து ரத்தம் காய்ந்திருந்தது, அதைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னார். நாங்கள் நாற்காலியை விட்டு எழவில்லை. ரிப்போர்ட் நகல் கைக்கு வந்து, கேஸ் ஆபீசர் பேர், போன் நம்பர் வாங்கிய பிறகுதான் வெளியே வந்தோம். அதைப் பிடித்துக்கொண்டுதான் அவளுக்கு ஆணை கிடைத்தது. தனியாகப் போயிருந்தால் திரும்பி வந்திருப்பாள்.

ஆன்டி 5-4 (8:26)
அவன் ஏழரைக்கே ஃபேக்டரி பஸ் ஏறிவிட்டான். எப்போதும் மார்க்கெட்டுக்கு என்னோடுதான் வருவாள். நான் பேசுகிறேன்.

அக்கா 6-8 (8:28)
ரொம்ப நல்லது ஆன்டி. போனில் எதுவும் எழுதி அனுப்பாதீர்கள், அவன் எடுத்துப் பார்ப்பான். ஐசி (அடையாள அட்டை), பிள்ளைகளின் சூராட் பெரானாக் (பிறப்புச் சான்றிதழ்), பேங்க் கார்டு, மாற்றுத் துணி ஒரு பையில் போட்டு உங்கள் வீட்டில் வைக்கச் சொல்லுங்கள். பாலாய்க்குப் போவதென்றால் நான் லீவு போட்டு வருகிறேன்.

ஆன்டி 3-7 (8:41)
அந்தப் பை என் வீட்டில் இருக்கட்டும். ஒரே மாடியில் இருந்தால் அவன் கண்ணில் படும். பிள்ளைகளையும் நான் பார்த்துக்கொள்கிறேன்.

தம்பி 6-1 (8:43)
ராத்திரியில் கார்டு போஸ்டுக்கு நான் இறங்கி நிற்கிறேன் அக்கா. அங்கிள், 999க்கு அடித்ததும் எனக்கு ஒரு மிஸ்டு கால் கொடுங்கள்.

அக்கா 6-8 (8:44)
சரி. மீதியை இங்கே பேச வேண்டாம். இந்தச் செய்திகளையெல்லாம் அட்மின் இப்போதே அழித்துவிடுங்கள்.