பதில்: போதைப்பொருள் நச்சேற்றத்துக்குப் பின் தங்கும் பாதிப்பு – என்ன சொல் வைக்கலாம்?

வணக்கம்.

நோயோ நச்சேற்றமோ (உடம்பில் நஞ்சு ஏறுவது) தீர்ந்த பிறகும் நிற்கும் கோளாற்றை மருத்துவத்தில் 'சீக்குவெலா' (sequela) என்பார்கள். அதற்குத் தமிழில் 'பின்விளைவு' போதுமே என்று இங்கே ஆத்தூர் ஐயா எழுதியிருந்தார். 'எச்சம்' இருக்கும்போது புதுச்சொல் எதற்கு என்று அக்கா கேட்டிருந்தார். இரண்டுமே எனக்கு ஒத்துவரவில்லை. சேலத்தில் மருத்துவ ஆவணப் பிரிவில் உட்கார்ந்து நோய்க்குறியீடு போடுகிறவன் நான். அந்த மேசையிலிருந்து பார்த்தால் எப்படித் தெரிகிறது என்று சொல்கிறேன்.

உலக சுகாதார நிறுவனத்தின் நோய்க்குறியீட்டுப் பட்டியலான ஐசிடி-10இல் மருந்து, போதைப்பொருள் நச்சேற்றங்கள் டி 36 (T36) முதல் டி 50 வரை இருக்கின்றன. அபின், ஹெராயின், கொக்கெய்ன், கஞ்சா, எல்எஸ்டி எல்லாம் டி 40க்குள் வந்துவிடும். கள்ளச்சாராயத்தில் கலந்து ஆளைக் கொல்லும் மெத்தனால் அங்கே இல்லை. அது சாராயத்தோடு சேர்ந்து டி 51இல் இருக்கிறது. நச்சேற்றம் முடிந்து, அதனால் வந்த கோளாறு மட்டும் நிற்கிறது என்றால் இந்த எண்கள் எதுவும் பொருந்தாது. டி 36 முதல் டி 50 வரை உள்ளவற்றுக்கு டி 96, டி 51 முதல் டி 65 வரை உள்ளவற்றுக்கு டி 97. அதுவும் தனியாக வராது. இப்போது என்ன கோளாறு என்பது முதல் வரி, அது எதனால் வந்தது என்பது அடுத்த வரி.

ஒரு நோயாளியின் தாளைப் பார்ப்போம். ஏற்காட்டுப் பக்கம் காப்பித் தோட்டத்தில் வேலை செய்கிறவர். கள்ளச்சாராயம் குடித்து, பிழைத்து, இரண்டு கண்ணிலும் பார்வை மங்கிப்போனவர். மெத்தனால் உடம்புக்குள் ஃபார்மிக் அமிலமாக மாறிப் பார்வை நரம்பைத் தாக்கும், அதுதான் நடந்திருக்கிறது. ரொம்ப நாள் கழித்து மாற்றுத்திறனாளி சான்றிதழுக்காக ஒரு மருத்துவமனைக்குப் போகிறார். அங்கே தாளின் மேலே 'மெத்தனால் நச்சேற்றம்' என்று எழுதி டி 51 போட்டு அனுப்பிவிட்டார்கள். கணக்கில் அவர் இப்போதுதான் குடித்துவிட்டு வந்தவர் ஆகிவிட்டார். பார்வை போனது எந்த வரியிலும் இல்லை. பார்வைக் குறைபாட்டுக்கான எச் 54 (H54) முதலில், டி 97 அடுத்து, தற்செயலாக நடந்தது என்றால் அதைச் சொல்லும் ஒய் 86 (Y86) கடைசியில் என்று இருந்திருக்க வேண்டும்.

2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் மெத்தனால் கலந்த சாராயம் 60க்கும் மேற்பட்டோரைக் கொன்றது. பாதிக்கப்பட்டவர்களில் பலரைச் சேலம் அரசு மருத்துவமனைக்குத்தான் கொண்டுவந்தார்கள். இறந்தவர்களின் எண்ணிக்கை எல்லோருக்கும் தெரியும். பிழைத்தவர்களில் யாருக்கு என்ன பாதிப்பு நின்றது என்று நாளைக்கு ஒருவர் தேடினால், கிடைக்க வேண்டியது இந்த இரண்டாவது வரியில்தான். அதனால்தான் இந்தச் சொல்லுக்காக இவ்வளவு மன்றாடுகிறேன்.

சரி, சொல்லுக்கு வருவோம். 'எச்சம்' ஏன் கூடாது? காய்கறியில் பூச்சிக்கொல்லி எச்சம் என்று தினமும் பேப்பரில் படிக்கிறோம். 'நச்சு எச்சம்' என்று எழுதினால் ரத்தத்தில் இன்னும் நஞ்சு மிச்சம் இருக்கிறது என்றுதான் யாரும் புரிந்துகொள்வார்கள். இங்கே விஷயம் நேர்மாறு. நம் ஊர்ப் பேச்சில் சொன்னால், விஷம் இறங்கிவிட்டது, கண் திரும்பவில்லை.

'பின்விளைவு' எல்லோருக்கும் புரியும், மறுக்கவில்லை. ஆனால் மாத்திரை சாப்பிட்டு வாந்தி வந்தாலும் பின்விளைவு என்கிறார்கள். ஐசிடியில் சரியான அளவில் கொடுத்த மருந்தின் தீய விளைவு வேறு, நச்சேற்றம் வேறு, நச்சேற்றம் முடிந்த பிறகு நிற்பது வேறு. மூன்றுக்கும் ஒரே சொல் என்றால் குறியீடு போடுகிறவர் தடுமாறத்தான் செய்வார்.

'வடு' எனக்கே பிடித்திருந்தது. ஆனால் காயத்துக்கும் இதே தலைப்பு வேண்டும். 'காயவடு' என்றால் தோலில் தெரியும் தழும்பு. காசநோய்க்குப் போட்டால் நுரையீரல் தழும்பு. விட்டுவிட்டேன்.

'பிந்தைய விளைவு' என்று வைத்தால் காலம் உள்ளே நுழைந்துவிடும். உலக சுகாதார நிறுவனத்தின் பதிப்பு, 'தாமத விளைவு' என்று மருத்துவரே குறித்தவற்றையும், ஓராண்டோ அதற்கு மேலோ கழித்து இருப்பவற்றையும் இதில் சேர்க்கிறது. அமெரிக்கப் பதிப்பில் டி 96, டி 97 கிடையாது. நச்சேற்றக் குறியீட்டின் ஏழாவது இடத்தில் 'எஸ்' போடுவார்கள், காலக்கெடுவும் இல்லை. அளவு மீறிய ஹெராயினால் மூச்சு அடங்கி, மூளைக்கு ஆக்சிஜன் போகாமல் பாதித்தால், நச்சேற்றம் தீர்ந்த உடனேயே அதைப் பதியலாம். 'நிரந்தர' என்பதும் சரிவராது. சிலருக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத் தேறும்.

என் பரிந்துரை: தங்குபாதிப்பு.

முதலில் 'தங்குகேடு' என்றுதான் யோசித்தேன். சுருக்கமாக இருந்தது. ஆனால் இந்தத் தாளை அந்த மனிதர் தாலுகா ஆபீஸ் கவுன்ட்டரில் நீட்ட வேண்டும். கேடு என்ற சொல் வசவு மாதிரி அவர் தலையில் விழக்கூடாது. 'பாதிப்பு' தனித்தமிழ் இல்லையே என்று சிலர் சொல்வீர்கள். செவிலியர்கள் மூச்சுக்கு மூச்சு சொல்லும் சொல், நோயாளிக்கும் தெரிந்த சொல், இருக்கட்டும். 'தங்கு' என்பதில் காலக்கெடு இல்லை, தங்கியது போகவும் கூடும். போலியோ தங்குபாதிப்பு, பக்கவாதத் தங்குபாதிப்பு, நச்சேற்றத் தங்குபாதிப்பு என்று மற்ற இடங்களிலும் பொருந்துகிறது.

அப்புறம், ஆங்கிலத்தில் 'recreational drug' என்பதை அப்படியே பெயர்த்த 'பொழுதுபோக்கு மருந்து' வேண்டவே வேண்டாம். இங்கே யாரும் அப்படிச் சொல்வதில்லை. 'போதைப்பொருள்' என்றே வைப்போம். போதை தலைக்கேறிய நிலைக்கு மனநலக் கோளாறுகளுக்கான எஃப் (F) பிரிவில் தனி இடம் உண்டு, அதைப் 'போதையேற்றம்' என்போம். டி பிரிவுக்கு 'நச்சேற்றம்'.

பதிவுக்கான வரைவு:

தங்குபாதிப்பு – ஒரு நோய், காயம் அல்லது நச்சேற்றத்தின் தீவிர நிலை முடிந்த பிறகும் அதன் காரணமாக நீடிக்கும் கோளாறு. கோளாற்றின் குறியீடு முதலில், காரணத்தின் குறியீடு அடுத்து.

இன்னொன்று பாக்கி இருக்கிறது. போதைப்பொருளை விட்ட பிறகும் தொடரும் மனப்பாதிப்புகள் டி 96க்கு வராது. எஃப் 10 முதல் எஃப் 19 வரை உள்ள குறியீடுகளில் '.7' என்ற உட்பிரிவில் வரும். பழைய மாயக்காட்சிகள் திடீரென்று திரும்பி வருவதும் அங்கேதான். அதற்கும் 'தங்குபாதிப்பு' என்றே போடலாமா, தனிச்சொல் வேண்டுமா? அக்கா மனநலப் பிரிவில் இருப்பதால் அவர் சொல்வதை வைத்து முடிவு செய்யலாம்.