சகுனி ஏறி நின்ற பீடம்: நம்ம பக்கம் கல்யாணப் புரட்டு எதில் உடைந்தது?

ராயக்கோட்டை ரசிகன்

கோயில் திருவிழாவுக்குத் திரை கட்டி மாயாபஜார் போட்டார்கள். 1957இல் வந்த தமிழ்ப் படம். நம்ம எல்லையில் பாதிப் பேருக்குத் தெலுங்குப் படம்தான் மனப்பாடம், அதனால் திரையில் வசனம் வருவதற்கு முன்னாலேயே கூட்டத்தில் தெலுங்கில் வந்துவிடும். கதை யாருக்கும் சொல்லத் தேவையில்லை. பலராமர் மகள் வத்சலாவை அர்ச்சுனன் மகன் அபிமன்யுவுக்குக் கொடுப்பதாகப் பேச்சு. பாண்டவர்கள் நாடிழந்ததும் பலராமர் வீட்டில் மனசு மாறி, துரியோதனன் மகன் லட்சுமணகுமாரனுக்கு நிச்சயம். கடோத்கஜன் பெண்ணைத் தூக்கிப்போய்விட்டு அவள் உருவத்திலேயே மணவறையில் வந்து உட்காருகிறான்.

என்னை விடாமல் பிடித்திருப்பது கடைசியில் வரும் அந்தப் பீடம். அதில் ஏறி நின்றால் உண்மைதான் வாயில் வரும். சாத்யகி பேச்சுக்கொடுத்து சகுனியை அதில் ஏற்றுகிறான், அத்தனை திட்டமும் அவன் வாயாலேயே கொட்டுகிறது. முன்வரிசையில் பொரி தின்றுகொண்டிருந்த பிள்ளைகள் வாயைக்கூட அசைக்கவில்லை.

இங்கே மண்டபம், பூக்கடை, சமையல், நகை என்று தொழிலில் இருப்பவர்கள் நிறைய. கல்யாணத்துக்கு முந்தி சொன்ன பொய் எந்தச் சின்னப் பொருளில் உடைந்து பார்த்திருக்கிறீர்கள்? ஊர் பேர், ஆள் பேர் வேண்டாம்.

பென்னாகரம் கூத்து

பீடத்தை விட எனக்கு, வத்சலாவா நடிச்ச சாவித்திரிம்மா நடைதாங்க. எங்க கூத்துல ஆம்பளை பொம்பளை வேசம் கட்டுறது தினப்படி வேலை. அந்தம்மா செஞ்சது தலைகீழ். பொம்பளை, ஆம்பளையா மாறி, அந்த ஆம்பளை பொம்பளை உருவத்துல நிக்கணும். அந்த நாட்டியத்துல நளினமும் மிடுக்கும் மாறி மாறி வரும் பாருங்க. முழங்கையை உடம்போட ஒட்டி வெச்சா பொம்பளை, ஒரு சாண் விலக்கினா ஆம்பளை. பாரத்தைக் குதிகாலுக்குக் கொண்டுபோனா தோள் தானா விரியும். புதுப் பசங்களுக்கு வாத்தியார் மொதல்ல இதைத்தான் சொல்லித் தருவாரு.

கேட்டதுக்கு வரேன். சுபத்திரை கல்யாணம் ஆட்டத்துலயும் புரட்டுதான், அர்ச்சுனன் சந்நியாசி வேசத்துல வந்து பொண்ணு வீட்டுலயே தங்குவான். காரிமங்கலம் பக்கம் ஒரு ஆட்டம். சுபத்திரை கட்டினவருக்கு ராத்திரி பத்து மணிக்கு முகம் பளிங்கு மாதிரி. விடியக்காலம் நாலு மணிக்கு மோவாயில நீலம் பூத்துருச்சு. மேல வெள்ளையை அப்பிக்கிட்டே இருந்தாலும் நீலம் சாம்பலாத்தான் தெரிஞ்சது. மொதல் பூச்சுலயே தப்பு. சவரம் பண்ணின எடத்துல தேங்கா எண்ணெயில கொழைச்ச செந்தூரத்தை மெல்லிசா தேய்ச்சு, அது உள்ள எறங்குனதும்தான் அரிதாரம் போடணும். செவப்புதான் நீலத்தைத் தின்னும். வெள்ளை தின்னாது. எங்களுக்கு வேர்வைதான் சத்தியபீடம்.

கிரீடம், புஜக்கட்டை செதுக்குறது எந்த மரம் தெரியுமா? கல்யாண முருங்கை. லேசான மரம், விடிய விடிய தாங்கலாம்.

மூலநூல் வாசகர்

ஒரு திருத்தம். வத்சலா கதை வியாச பாரதத்தில் இல்லை. அங்கே அபிமன்யுவின் மனைவி உத்தரை மட்டுமே. இல்லாத கல்யாணத்தின் புரட்டை வைத்து இழை ஓட்டுகிறோம்.

அரூர் கணிதம்

உத்தரை விவரம் சரி. ஆனால் கேள்வி அதுவல்ல, கல்யாணத்துக்கு முந்தைய பொய் எதில் உடைகிறது என்பது. ஜாதகத்தில் உடைந்ததைச் சொல்கிறேன், அடிக்கடி பார்ப்பது இதுதான்.

பெண் ஜாதகம் ஒன்று, தரகர் வழியாக வந்த நகல். லக்னம் (பிறந்த நேரத்தில் உதித்துக்கொண்டிருந்த ராசி) துலாம், அதிலிருந்து ஆறாம் இடமான மீனத்தில் செவ்வாய், அதனால் செவ்வாய் தோஷம் இல்லை. பிறந்த நேரம் காலை 9:40. எல்லாம் சுத்தம். கீழே ஒரே ஒரு வரிதான் உறுத்தியது: கர்ப்பச் செல் போக சுக்கிர தசை இருப்பு, அதாவது பிறந்தபோது அந்தத் தசையில் மீதி இருந்த காலம், 13 வருடம் 4 மாதம்.

கணக்கைப் பாருங்கள். சந்திரன் ஒரு நட்சத்திரத்தைக் கடக்க ஏறக்குறைய 24 மணி நேரம். சுக்கிர தசை 20 வருடம், அதாவது 240 மாதம். ஆக, பிறந்த நேரம் ஒரு மணி தள்ளினால் இருப்பில் 10 மாதம் குறைய வேண்டும். அன்றைய பஞ்சாங்கத்தில் அந்த நட்சத்திரம் தொடங்கிய நாழிகையை எடுத்துப் போட்டால் 9:40க்கு இருப்பு 12 வருடம் 6 மாதம்தான் வருகிறது. 13 வருடம் 4 மாதம் வருவது 8:40க்கு. 8:40க்கு லக்னம் கன்னி. கன்னிக்கு மீனம் ஏழாம் இடம். செவ்வாய் ஏழில் வந்து உட்கார்ந்துவிடுகிறது, அதுதான் தோஷம். கட்டத்தில் லக்னத்தையும் நேரத்தையும் மாற்றிய கை, தசை இருப்பை மாற்ற மறந்துவிட்டது.

பஞ்சாங்கம் பார்க்கத் தெரியாதவர்களும் மேலோட்டமாகச் சோதிக்கலாம். சூரியன் எந்த ராசியில் நிற்கிறதோ அதுதான் உதய நேர லக்னம், பிறகு சுமார் 2 மணி நேரத்துக்கு ஒரு ராசி நகரும். ஆவணியில் சூரியன் சிம்மம். மாத நடுவில் காலை ஏழு மணிவாக்கில் கன்னி தொடங்கும், ஒன்பதுக்கு மேல் துலாம். ஆவணி நடுவில் பிறந்த பிள்ளைக்குக் காலை 9:40 என்று எழுதி மேஷ லக்னம் போட்டிருந்தால் அந்தக் காகிதத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

கேட்காவிட்டாலும் இதையும் சொல்லிவிடுகிறேன். தரகர் தரும் நகலைக் கையில் வாங்காதீர்கள். பெண் வீடோ பையன் வீடோ, முதலில் எழுதிய நோட்டை நேரில் பாருங்கள். பிறப்புச் சான்றிதழில் தேதிதான் இருக்கும், நேரம் இருக்காது. நேரத்துக்கு ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சீட்டைக் கேளுங்கள். வீட்டில் பிறந்த பிள்ளை என்றால் அப்போது உடன் இருந்த பாட்டியிடம் "பால் கறந்த பிறகா, முன்னாலா" என்று கேளுங்கள், கடிகாரம் பார்த்தவரைவிட அவர் சொல்வது பொருந்தும். முக்கியமாக, நேரம் திருத்தியது தெரிந்ததும் பெண் வீட்டார் மேல் பாயாதீர்கள். பல சமயம் அவர்களுக்கே தெரியாது. ஏழு ஜாதகம் தட்டிப்போன பிறகு எட்டாவதைத் தரகர் தன் கையால் "சரி" செய்திருப்பார்.

கிருஷ்ணகிரி உரைகல்

அரூர் ஐயா சொன்னது ஜாதகம் நம்புகிறவர்களுக்கு. நகை எல்லாருக்கும் பொது. "முப்பது பவுன் போடுறோம்" என்றால் 240 கிராம், அதில் பேச்சு வார்த்தைக்கு இடம் கிடையாது.

ஒரு நிச்சயதார்த்தத்தில் பெரிய மாங்கா ஆரம் ஒன்று தட்டில் வந்தது. பாட்டி ஒருத்தி அதை உள்ளங்கையில் வைத்து மேலும் கீழும் ரெண்டு தடவை அசைத்தார், பேசாமல் வைத்துவிட்டார். அந்த ரெண்டு அசைவுதான் இன்னும் கண்ணில் நிற்கிறது. இருக்க வேண்டிய எடையில் பாதிதான் இருந்தது.

காரணம் இது. 22 காரட் தங்கம் தண்ணீரைப்போல் பதினேழரை மடங்கு கனம், பித்தளை எட்டரை மடங்குதான். ஒரே அளவு நகை, கவரிங் என்றால் பாதி எடை. உரைகல் மேல்தோலைத்தான் சொல்லும், பூச்சு கனமாக இருந்தால் ஏமாற்றிவிடும். வீட்டிலேயே பார்க்க வழி உண்டு. 0.01 கிராம் காட்டும் தராசில் தண்ணீர் டம்ளரை வைத்து பூஜ்ஜியம் ஆக்குங்கள். நகையை நூலில் கட்டி, அடியையோ பக்கத்தையோ தொடாமல் முழுசாக முக்குங்கள். 5 பவுன், அதாவது 40 கிராம் நகைக்குத் தராசு 2.3 காட்டினால் சரி. 4.7 காட்டினால் உள்ளே பித்தளை. ஒட்டியிருக்கும் காற்றுக்குமிழியைத் தட்டி விடவும், இல்லாவிட்டால் நல்ல நகையும் கெட்டதாகத் தெரியும். கல் வைத்தது, உள்ளே அரக்கு வைத்தது இந்தக் கணக்குக்கு ஒத்துவராது.

புது நகை என்றால் இன்னும் எளிது. 2023 ஏப்ரல் 1 முதல் ஹால்மார்க் நகையில் ஆறு எழுத்து-எண் கொண்ட ஹெச்யூஐடி (ஒவ்வொரு நகைக்கும் தனியாகத் தரும் அடையாள எண்) இல்லாமல் கடையில் விற்கக் கூடாது. இந்தியத் தர நிர்ணய அமைப்பின் பிஐஎஸ் கேர் செயலியில் அதைப் போட்டால் தரமும், என்ன பொருள் என்பதும் வரும். எல்லாரும் 916, அதாவது 22 காரட், என்று வந்ததும் மூடிவிடுகிறார்கள். அடுத்த வரியைப் படியுங்கள். கையில் இருப்பது வளையல், செயலி மோதிரம் என்று சொன்னால், அந்த எண் வேறு நகையிலிருந்து திருடியது. 2 கிராமுக்குக் குறைந்த உருப்படிக்கு ஹால்மார்க் கட்டாயமில்லை, அதனால் தாலிக் குண்டில் முத்திரை இல்லையென்று சண்டைக்குப் போக வேண்டாம். பாட்டி காலத்து நகையிலும் இருக்காது.

ஓசூர் எடிட்டர்

படத்தில் பிரியதர்சினி என்று ஒரு பெட்டி வருமே, திறந்தால் மனசுக்குப் பிடித்தவர் முகம் தெரியும். இன்றைக்கு அது வீடியோ கால். ஃபில்டர் போட்டிருக்கிறார்களா என்று சந்தேகம் வந்தால் "முடியை ஒதுக்குங்க" என்று சொல்லுங்கள், கை முகத்துக்குக் குறுக்கே போகும்போது ஃபில்டர் ஒரு நொடி நழுவக்கூடும். பெங்களூரு மாப்பிள்ளை ஒருவருக்குக் கன்னத்து மரு அந்த ஒரு நொடியில்தான் தெரிந்தது. பெண்ணுக்கு மருவில் வருத்தமில்லை, மறைத்ததில்தான் வருத்தம்.

பாலக்கோடு மாஸ்டர்

எல்லாரும் கடோத்கஜன் சாப்பாட்டை மறந்துட்டீங்களே! கல்யாண சமையல் சாதம் பாட்டு. பாத்திரம் தானா நகருது, லட்டு தானா வாய்க்குள்ள போகுது. கடோத்கஜனா நடிச்ச ரங்காராவ் அந்தச் சிரிப்பு சிரிக்கிறப்ப எந்தச் சமையக்காரனுக்கும் வயிறு கலங்கும். விருந்துக்குச் செஞ்சது மொத்தமும் விருந்தாளி வர்றதுக்கு முன்னாடியே காலி.

எங்க தொழில்ல பொய் சொல்றது தலைக்கணக்குலதான். பொண்ணு வீடு ஐந்நூறுன்னு சொல்லும், மனசுல எழுநூறு வெச்சிருக்கும். பொன்னி அரிசி கிலோவுக்கு எட்டுல இருந்து பத்து இலை. ஐந்நூறுக்கு 55 கிலோ போட்டா, எழுநூறு வந்தா நாலாம் பந்தியில சாதம் முடிஞ்சிரும். ஒரு ரிசப்ஷன்ல அப்படித்தான் ஆச்சு. மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர் இலை முன்னாடி உக்காந்திருக்காரு, இலையில உப்பும் ஊறுகாயும் மட்டும். ஒரு வார்த்தை பேசல. இலையைப் பார்த்துட்டே உக்காந்திருந்தாரு. மாஸ்டர் திருடிட்டாருன்னு பேச்சு கெளம்பிச்சு. எச்சில் இலையை எண்ணுனாங்க. 120 நாற்காலி, ஆறு பந்தி, காலி நாற்காலி போக 690 இலை. இலைதாங்க பீடம். அதுக்கப்புறம் எவரும் வாய் தொறக்கல.

அதனால முந்தின நாள் ராத்திரிக்கு ஒரு கணக்கு, முகூர்த்தத்துக்கு ஒரு கணக்குன்னு தனித்தனியா எழுதி வாங்கிக்கங்க. நம்ம பக்கம் கூட்டம் ராத்திரிக்குத்தான்.

லட்டு பத்தி எழுதாம போக மனசு வரல. கடலை மாவு 1 கிலோவுக்கு சர்க்கரை ஒன்றே முக்கால் கிலோ, 40 கிராம் உருண்டைன்னா 90க்குக் கொறையாது. ஜாரணியில (ஓட்டைக் கரண்டி) மாவு விழுறப்ப பூந்திக்கு வால் வந்தா மாவு கெட்டி, தட்டையா விழுந்தா தண்ணி அதிகம். மொறுமொறுன்னு பொரிச்சிராதீங்க, பாகு உள்ள போகாது. பாகு ஒரு கம்பிப் பதம். ரெண்டாம் கம்பிக்குப் போயிட்டா ஆறுனதும் சர்க்கரை பூத்து உருண்டை உதிரும். அப்படி உதிர்ந்தா கொஞ்சம் கொதி தண்ணி தெளிச்சு, மூடி வெச்சு, சூடு இருக்கும்போதே பிடிங்க.

மூலநூல் வாசகர்

இலைக்கணக்கு ஏற்கிறேன். ஆனால் அரூர் நண்பர் பெண் வீட்டார் மேல் பாயாதீர்கள் என்றது சட்டப்படி போதாது. இந்துத் திருமணச் சட்டம் 1955, பிரிவு 12: எதிர்த்தரப்பைப் பற்றிய முக்கியமான உண்மையை மறைத்து, மோசடியால் சம்மதம் வாங்கியிருந்தால் திருமணத்தைச் செல்லாததாக்கக் கேட்கலாம். மோசடி தெரிந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட வேண்டும். தெரிந்த பிறகு மனமொப்பிச் சேர்ந்து வாழ்ந்துவிட்டால் அந்த வழி அடைபடும். தாலி ஏறுவதற்கு முன் கேட்டுவிடுவது நல்லது என்பதற்காகவே எழுதினேன்.

பென்னாகரம் கூத்து

வாசகர் ஐயா, வத்சலா கதை நூல்ல இல்லேன்னு நீங்க சொன்னது மனசுல நிக்குது. நாங்க பாரதம் படிச்சது மேடையில. பதினெட்டாம் நாள் படுகளத்துல மண்ணுல செஞ்ச துரியோதனன் தொடையை அடிக்கிறப்ப ஊரே அழுவுது. நூல்ல இருக்கா இல்லியான்னு யாரும் கேக்கறதில்ல.

ராயக்கோட்டை ரசிகன்

மாஸ்டர் அண்ணா, கொதி தண்ணி விஷயம் வீட்டில் சொல்லிவிட்டேன், நன்றி. அரூர் ஐயா, அந்த 8:40 பெண்ணின் சம்பந்தம் என்ன ஆயிற்று?

அரூர் கணிதம்

பெண்ணே டிஸ்சார்ஜ் சீட்டை எடுத்துவந்து பையன் வீட்டில் கொடுத்தாள். காலை 8 மணி 42 நிமிடம் என்று நீல மையில் எழுதியிருந்தது. பையன் ஜாதகத்திலும் ஏழில் செவ்வாய்தான், அதை அவர்கள் வீட்டிலும் யாரோ திருத்தியிருந்தார்கள். ரெண்டு பேருக்கும் தோஷம் இருந்தால் பொருத்தும் வழக்கம் உண்டு. தை மாதம் முகூர்த்தம் குறித்துக் கொடுத்தேன்.