விபத்தில் இறந்த மாமாவுக்கு 11 லட்சம் என்கிறார்கள், கணக்கு சரிதானா?

செஞ்சிக்காரன் கேட்டது:

எங்க அக்கா வீட்டுக்காரர் மூணு மாசத்துக்கு முன்னாடி திண்டிவனம் பக்கத்துல பைக்ல வரும்போது பின்னால் வந்த லாரி இடிச்சு அங்கேயே இறந்துட்டார். வயசு 38. சொந்தமா எலக்ட்ரீஷியன் வேலை, மாசம் 18,000க்குக் குறையாது. அக்கா, ரெண்டு பிள்ளைங்க, மாமாவோட அம்மா, நாலு பேரும் அந்த வருமானத்துலதான் இருந்தாங்க.

லாரியோட இன்சூரன்ஸ் தரப்புல ஒருத்தர் வீட்டுக்கே வந்தார். சம்பளச் சீட்டு இல்லாததால 9,000தான் எடுக்க முடியும்னு ஒரு தாள்ல கணக்கு எழுதிக் கொடுத்தார். 9,000 × 12, அதுல மூணுல ஒரு பங்கு கழிச்சு, 15ஆல பெருக்கி 10,80,000. காரியச் செலவுக்கு 20,000 சேர்த்து 11 லட்சம். கேஸ்னு போனா வருஷக்கணக்கா இழுக்கும்னு சொல்றார். அக்கா கையெழுத்துப் போட்டுடலாம்ங்கிறா. என்ன செய்யலாம்?

ஆரணி வள்ளி பதில்:

தம்பி, அக்காவை எதுலயும் கையெழுத்துப் போட விடாதீங்க. என் வீட்டுக்காரர் கொத்தனார் மேஸ்திரி, 2019ல இப்படித்தான் போனார். எனக்கும் இதே மாதிரி ஒரு தாள் வந்துச்சு.

அந்த 9,000த்தையே வெச்சுக்கிட்டாலும் அவர் கணக்கு தப்பு. 40 வயசுக்குள்ள சொந்தத் தொழில் செய்றவர் இறந்தா, பின்னால வருமானம் கூடியிருக்கும்னு 40 சதவீதம் சேர்க்கணும். 2017ல பிரணய் சேத்தி வழக்குல உச்ச நீதிமன்றம் சொன்னது. அப்போ 12,600. இறந்தவரோட சொந்தச் செலவுக்கு மூணுல ஒண்ணு கழிக்கிறது ரெண்டு மூணு பேர் நம்பியிருந்தாத்தான். உங்க அக்கா வீட்டுல மாமியாரோட நாலு பேர், அதனால நாலுல ஒண்ணு. 2009 சரளா வர்மா தீர்ப்புல இருக்கு. மிச்சம் 9,450. வருஷத்துக்கு 1,13,400. 36லிருந்து 40 வயசு வரைக்கும் பெருக்க வேண்டியது 15, அதை மட்டும் சரியா எழுதியிருக்கார். 17,01,000 ஆச்சு.

அதுக்கு மேல, புருஷனையும் அப்பாவையும் பிள்ளையையும் இழந்ததுக்கு கன்சார்ட்டியம்னு ஆளுக்கு 40,000 வைப்பாங்க. மூணு வருஷத்துக்கு ஒரு தடவை 10 சதவீதம் ஏறும், 2023 ஏற்றத்தோட 48,400. நாலு பேருக்கு 1,93,600. அவர் இருந்திருந்தா சேர்த்திருக்கக்கூடிய சொத்துக்கான இழப்பும் ஈமச் செலவும் தலா 18,150. கூட்டிப் பாருங்க, 19,30,900. அவர் எழுதின சம்பளத்துலயே எட்டு லட்சத்துக்கு மேல காணோம். பாட்டியம்மாவை ஆளாவே எண்ணலை. எனக்கு வயிறு எரியுது. உங்க 18,000 ஏத்துக்கிட்டாங்கன்னா 36 லட்சத்தைத் தாண்டும்.

என் வீட்டுக்காரர் சட்டைப் பையில ஒரு சின்ன நோட்டு வெச்சிருப்பார். யார் வீடு, எத்தனை ஆள், எவ்வளவு கூலி, எல்லாம் பென்சில்ல. சிமெண்ட் பட்டு தாள் ஒட்டியிருந்துச்சு. நீதிபதி நகத்தால ஒவ்வொரு தாளாப் பிரிச்சுப் பார்த்தார். வேலை கொடுத்த ரெண்டு வீட்டுக்காரங்க வந்து சாட்சி சொன்னாங்க. நாங்க கேட்டது 20,000, கோர்ட் எடுத்தது 16,000. அவங்க சொன்ன 8,000 எடுபடலை. மாமா எழுதின எதையும் தூக்கிப் போட்டுடாதீங்க.

ஓய்வுபெற்ற வக்கீல் குமாஸ்தா பதில்:

அம்மா சொன்ன கணக்கு சரி. நான் சொல்ல வேண்டியது அவசரமானது. 2022 ஏப்ரலிலிருந்து விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்று சட்டத்தில் இருக்கிறது. உங்களுக்கு மூன்று மாதம் போய்விட்டது. சமரசம் பேசிக்கொண்டே நாள் கடத்திவிடாதீர்கள். மனு போட்ட பிறகும் லோக் அதாலத் என்கிற சமரச மன்றத்தில் பேசி முடிக்கலாம், அதற்குத் தடை இல்லை. அக்கா குடியிருக்கும் ஊரின் எல்லைக்குட்பட்ட விபத்து இழப்பீட்டு டிரிப்யூனலிலேயே (தீர்ப்பாயத்திலேயே) போடலாம், திண்டிவனம் அலைய வேண்டாம்.

எஃப்.ஐ.ஆர்., போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட், மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, லாரியின் ஆர்.சி., பாலிசி நகல், வாரிசுச் சான்றிதழ் எல்லாம் வாங்கி வையுங்கள். சான்று இல்லை என்பதற்காகக் குறைந்தபட்சக் கூலியைத்தான் எடுக்க வேண்டும் என்பதில்லை, 2021ல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. மாமாவுக்கு எல்.ஐ.சி. பணம் வந்திருந்தால் அதை இதில் கழிக்கவும் கூடாது. பிள்ளைகள் பங்கை 18 வயது வரை வங்கியில் டெபாசிட் போடச் சொல்வார்கள், அதற்குப் பயப்பட வேண்டாம்.

செஞ்சிக்காரன்:

வள்ளிக்கா, ஐயா, ரொம்ப நன்றி. அக்காவுக்கு ரெண்டு தடவை படிச்சுக் காட்டினேன். அந்தத் தாளை வாங்கி பாட்டி பேர் எங்கேன்னு கேட்டா. மாமா வேலைக் கணக்கு எழுதுற டைரி பைக் டேங்க் கவர்ல இருக்கும். பைக் இன்னும் ஸ்டேஷன்லதான் நிக்குது. காலையில முதல் பஸ்ஸுக்குப் போறேன்.