புதுப்பிப்பு: உக்ரேனியக் குடியேறிகளின் காகிதங்கள் எங்கே போயின?

கனடாவின் எட்மன்டன் நகருக்குக் கிழக்கே, குடியேறிகளின் பழைய வீடுகளைக் காத்துவைத்திருக்கும் உக்ரேனியப் பண்பாட்டுக் கிராமத்தைப் பற்றி முன்பு எழுதியபோது, "வீடுகளைக் காப்பாற்றிவிட்டார்கள், கடிதங்கள், கணக்கு நோட்டுகளெல்லாம் என்ன ஆயின?" என்று சிலர் கேட்டிருந்தீர்கள். விடை அதே நாட்டின் வின்னிபெக் நகரில் இருக்கிறது. 1944-இல் தொடங்கப்பட்ட ஒசெரெடோக் என்ற மையம் அருங்காட்சியகத்தோடு ஆவணக் காப்பகத்தையும் நடத்திவருகிறது. சாஸ்கட்டூனில் அதற்கும் முன்பே, 1936-இல், உக்ரேனியப் பெண்கள் சங்கம் ஓர் அருங்காட்சியகத்தை நிறுவியது. சிவப்பும் கறுப்பும் நூலால் பூவேலை செய்த ருஷ்னிக் என்ற சடங்குத் துணிகளைப் பெட்டியடியிலிருந்து எடுத்துக் காத்தவர்கள் பெண்கள்தாம். அவர்களுக்கு நாம் நிரம்பக் கடன்பட்டிருக்கிறோம்.

எனக்கு வீடுகளைவிடக் காகிதங்களே முக்கியமாகப் படுகின்றன. முதல் உலகப் போரையொட்டி, 1914 முதல் 1920 வரை கனடா 8,500-க்கும் மேற்பட்டோரை முகாம்களில் அடைத்தது, பெரும்பாலோர் உக்ரேனியர். அந்த முகாம்களைப் பற்றிய அரசுப் பதிவுகளில் பெரும்பகுதி 1950-களில் அழிக்கப்பட்டது. ஆகவே குடும்பங்களிடம் எஞ்சியிருக்கும் ஒவ்வொரு கடிதமும் சாட்சிதான்.

வீட்டில் பழைய புகைப்படம் வைத்திருப்பவர்களுக்கு: படத்தில் இருப்பவர் பெயரையும் ஊரையும் பின்புறம் மென்பென்சிலால் எழுதுங்கள். பேனா மை ஊறி முன்பக்கம் வந்துவிடும்.