உதவி: அறை குளிர்ந்ததா, காலம் மெதுவானதா? என் கதையின் பூஞ்சை சாட்சி சொல்ல மறுக்கிறது

இழைக்காரி:
வணக்கம். ஒரு குறுநாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன், பாதியில் மாட்டிக்கொண்டேன். அதில் 'நாழிகைக் கம்மியர்' என்று ஒரு குழு. உயிருள்ள பூஞ்சையைக் கருவியோடு பிணைத்து, ஓர் அறைக்குள் காலத்தின் வேகத்தையே மாற்றுவது அவர்கள் தொழில். மூத்த கம்மியர் ஒருவர், தன் அறையில் காலம் முக்கால் வேகத்தில் ஓடுகிறது என்கிறார். வெளியே 4 நாள் போனால் உள்ளே 3 நாள். அது பொய். தொழில் கற்க வந்த பெண் அதைக் கண்டுபிடிக்க வேண்டும்.

கண்ணாடிக் குழாயில் வளரும் பூஞ்சைதான் அவளுக்கு இருக்கும் ஒரே அளவுகோல். வெளிக்குழாய் 4 விரல் வளரும்போது உள்குழாய் 3 விரல் வளர்ந்தால் காலம் மெதுவாகிவிட்டது என்று எழுதியிருந்தேன். படித்த தோழி ஒரே கேள்விதான் கேட்டாள்: "அறை குளிர்ந்திருந்தாலும் அப்படித்தானே வளரும்?" அதோடு கதை நின்றுவிட்டது. இரண்டு வாரமாக ஒரு வரி நகரவில்லை. வழி தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

சுவர்க்கடிகாரம்:
வெப்பமானி ஒன்றை வைத்துவிட்டால் முடிந்ததே?

இழைக்காரி:
வைக்கலாம். ஆனால் அப்புறம் குற்றத்தைக் கண்டுபிடிப்பது வெப்பமானி, பூஞ்சை இல்லை. அந்தப் பெண் பூஞ்சையைப் படிக்கத் தெரிந்தவள் என்பதுதான் கதையின் உயிர். அதை விட மனசு வரவில்லை.

ஆய்வகத்தூசி:
விட வேண்டாம். நீங்கள் நீளத்தை அளக்கிறீர்கள், வளையங்களை எண்ணுங்கள்.

நியூரோஸ்போரா கிராஸா என்று ஆரஞ்சு நிறப் பூஞ்சை ஒன்று உண்டு. 1843-ல் பிரான்சின் ரொட்டி அடுமனைகளைப் படாதபாடு படுத்திய கூட்டம் இதுதான். அகார் என்ற கடற்பாசிக் கூழ் ஊற்றிய நீளக் குழாயில் ஒரு முனையில் விதைத்து, இருட்டில் வைத்தால் மறுமுனையை நோக்கி வளரும். அப்படி வளரும்போது ஏறக்குறைய 22 மணி நேரத்துக்கு ஒரு தடவை வித்துத்தூள் அடர்ந்து ஒரு பட்டை விழும். நடுவில் வெறும் இழை, மறுபடி பட்டை. எல்லா ரகத்திலும் இது தெளிவாகத் தெரியாது. மூடிய குழாயில் கரியமில வாயு சேர்ந்தால் சாதாரண ரகத்தில் பட்டை மங்கிவிடும். இதற்கென்றே 'பேண்ட்' என்ற ரகத்தை வைத்திருக்கிறார்கள்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். குளிர்ந்தால் வளர்ச்சி குறையும். ஆனால் பட்டை விழும் கால அளவு அவ்வளவாக மாறாது, சுமார் 18 முதல் 30 டிகிரி செல்சியஸ் வரை கிட்டத்தட்ட அதே 22 மணிதான். ஆகவே குளிரறையில் பட்டைகளின் எண்ணிக்கை அப்படியே இருக்கும், இடைவெளி நெருங்கும். காலமே மெதுவானால் வளர்ச்சியும், பட்டை போடவைக்கும் பூஞ்சையின் உள்கடிகாரமும் ஒன்றாகத் தளரும். இடைவெளி மாறாது, எண்ணிக்கை குறையும்.

11 நாள் என்று வைத்துக்கொள்ளுங்கள், 264 மணி. வெளிக்குழாயில் 12 பட்டை. காலம் முக்கால் வேகத்தில் போகும் அறையில் 198 மணிதான் கழிந்திருக்கும், 9 பட்டை. குளிரறையில் 12, நெருக்கமாக.

இழைக்காரி:
படித்துவிட்டு எழுந்து நடக்க ஆரம்பித்துவிட்டேன்! மிக்க நன்றி.

வால்மிளகு:
குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். அந்தப் பூஞ்சைக்குச் சொந்தக் கடிகாரம் இருக்கிறது என்று எப்படிச் சொல்கிறீர்கள்? பூமி சுழல்வதை ஏதோ வகையில் உணர்ந்துகூடப் பட்டை போடலாமே. அப்படியானால் அறைக்குள் காலம் எப்படி ஓடினாலும் வெளிநாளைத்தானே எண்ணும்?

ஆய்வகத்தூசி:
நல்ல கேள்வி, அந்தக் காலத்தில் விஞ்ஞானிகளே கேட்டதுதான். 1983-ல் கொலம்பியா விண்ணோடத்தில், ஸ்பேஸ்லேப் 1 பயணத்தில், இதே பூஞ்சையைக் குழாயோடு அனுப்பிப் பார்த்தார்கள். பூமியை விட்டுப் போன பிறகும் தாளம் தொடர்ந்தது. தவிர, 'ஃப்ரீக்வென்சி' என்ற மரபணுவில் மாற்றம் வந்தால் தாளமே மாறும். ஒரு ரகம் 16 மணி நேரத்துக்கு ஒரு பட்டை போடும், இன்னொன்று 29 மணி நேரத்துக்கு. வெளியே இருக்கும் நாளை எண்ணுவதாக இருந்தால் ரகத்துக்கு ஒரு நாள் எப்படி வரும்?

சுவர்க்கடிகாரம்:
29 மணியா? இழைக்காரி, உங்கள் மூத்த கம்மியர் கெட்டிக்காரராக இருந்தால் கதை இன்னும் சிக்கலாகும். 264-ஐ 29-ஆல் வகுத்துப் பாருங்கள். 9 பட்டைதான் விழும். முக்கால் வேக அறைக்கும் அதே 9! ரகத்தை மாற்றி வைத்துவிட்டு, காலத்தை வளைத்தேன் என்று சொல்லிவிடலாம்.

இழைக்காரி:
இடைவெளி காட்டிக்கொடுக்காதா? 29 மணி வளர்ந்தால் பட்டைகள் தள்ளித் தள்ளித்தானே விழும்?

சுவர்க்கடிகாரம்:
விழும். அதனால் அவர் அறையையும் குளிர்விப்பார். வளர்ச்சி முக்காலாகக் குறைந்தால் இடைவெளி பழைய அளவுக்கே வந்துவிடும். எண்ணிக்கையும் பொருந்தும், நீளமும் பொருந்தும். என்ன செய்வாள் உங்கள் பெண்?

(இன்னொன்று, அவள் அறைக்குள்ளேயே உட்கார்ந்து நாடி பார்த்தாலும் பயனில்லை. காலம் மெதுவானால் நாடியும் சேர்ந்து மெதுவாகும். 1971-ல் சீசியம் அணுக்கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிக் கொண்டுவந்தபோது, மேற்கே போனவை 273 நானோநொடி முந்தியிருந்தன. தரையில் இருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்ட பிறகுதான் அது தெரிந்தது. ஒப்பிட வெளியே ஒன்று வேண்டும்.)

ஆய்வகத்தூசி:
அவள் தன் குழாயை எடுத்துப் போகட்டும். வெளியே தன் கையால் விதைத்து, 22 மணி என்று எண்ணி உறுதி செய்த ரகம். அதிலிருந்து இன்னொரு குழாய் விதைத்து அவர் அறையில் ஒளித்து வைக்கட்டும். 11 நாள் கழித்து அதில் 9 பட்டை இருந்தால் கிழவர் சொன்னது உண்மை. 12 நெருங்கிய பட்டை இருந்தால் அறை வெறும் குளிரறை.

ஒரு எச்சரிக்கை, குழாயின் பஞ்சடைப்பை இறுக்கமாக வையுங்கள். நான் ஒருமுறை தளர்வாக விட்டு, அந்த ஆரஞ்சுத் தூள் பக்கத்துத் தட்டுகளில் எல்லாம் முளைத்தது. நெடுநாள் அதைத் துடைத்தேன். கதையில் அது துப்பாகவும் உதவும், மூத்தவர் அறையில் எங்கோ ஓர் ஓரத்தில் ஆரஞ்சுப் பொடி.

இழைக்காரி:
பொடியை எடுத்துக்கொள்கிறேன். ஆனால் என் வரைவில் அவள் தினமும் காலையில் விளக்கேற்றிக் குழாயைப் பார்க்கிறாள். அது பரவாயில்லையா?

ஆய்வகத்தூசி:
கூடாது! நீல ஒளி பட்டால் கடிகாரம் திருத்தி வைக்கப்பட்டுவிடும். தினமும் ஒரே வேளையில் பட்டால் 22 மணி மறைந்து 24 மணித் தாளத்தில் பூட்டிக்கொள்ளும். விளக்கை அணைக்காமலே விட்டால் பட்டையே விழாது. சிவப்பு ஒளி மட்டும் பாதிக்காது, நாங்களும் சிவப்பு விளக்கில்தான் வளர்முனையைக் கோடு போட்டுக் குறிப்போம்.

இழைக்காரி:
அப்படியானால் கம்மியர் வீடு முழுக்கச் சிவப்பு விளக்குதான். முதல் அத்தியாயத்திலிருந்து மாற்றுகிறேன். பதினோராம் நாள் அவள் குழாயைச் சிவப்பு வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து விரலால் தொட்டு எண்ணுகிறாள். ஒன்பதில் விரல் நிற்கவில்லை, பத்துக்குப் போகிறது. அந்த இடத்தை இன்றிரவே எழுதிவிடுவேன்.